உரச்சாக்கின் உள்பையும் தம் போட்ட அண்டாவும்

எனக்குப் புத்தி இருக்கிறது என்றுதான் அன்று காலை பத்து மணி வரைக்கும் நினைத்துக்கொண்டிருந்தேன்.

கடலாடிப் பக்கத்தில் எங்கள் ஊர். அன்று மகளுக்குக் காதுகுத்து. தாய்மாமனான என் அண்ணன் தொண்டியிலிருந்து சீரோடு முதல் நாளே வந்துவிட்டார். அவருக்குச் சமையல் தொழில் இல்லை. ஆனால் சொந்தத்தில் எந்த விசேஷம் என்றாலும் பிரியாணி அண்டா அவர் பொறுப்பு. வேறு யாராவது கரண்டியைத் தொட்டால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வார். பரமக்குடியிலிருந்து என் கணவர் வீட்டார் வேனில் வந்து இறங்கியிருந்தார்கள். என் பிறந்த வீட்டாரிடம் ஏதாவது குறை கிடைக்காதா என்று பார்ப்பதற்கென்றே நாத்தனாரும் வந்திருந்தார்.

இரண்டு அண்டா. தம் போடும்போது மூடி விளிம்பில் ஒட்டப் பிசைந்த மைதா மாவு ஓர் அண்டாவுக்குத்தான் காணும் என்று ஆகிவிட்டது. அடைக்க வேறு என்ன இருக்கிறது என்று அண்ணன் கேட்டார். கொடியில் கழுவிக் காயப்போட்டிருந்த உரச்சாக்கின் உள்பை என் கண்ணில் பட்டது. எங்கள் பக்கம் உரச்சாக்கை யாரும் தூக்கிப் போடுவதில்லை. வெளிச்சாக்கில் நெல் கட்டுவோம், உள்பையில் வத்தலைப் போட்டு வைப்போம். அண்ணன் தயங்கினார்.

"பிளாஸ்டிக்கா இருக்கேத்தா, இளகிராது?"

நான்தான் எல்லாம் தெரிந்தவள் மாதிரி, மூடிக்கு அடியில்தானே வைக்கிறோம், சோற்றில் எங்கே படப்போகிறது என்று அவர் வாயை அடைத்தேன். நானே பையைக் கிழித்து, அண்டா வாயில் விரித்தும் கொடுத்தேன். அவர் மூடியை அழுத்தி, அதன்மேல் கருவேலங்கங்குகளை அள்ளிப் பரப்பினார்.

அரை மணியில் நாற்றம் கிளம்பியது. மூடியைத் தூக்கினால், பை சுருண்டு நடுவில் ஓட்டை விழுந்திருந்தது. உருகினது கறியிலும் சோற்றிலும் ஒட்டிக் கிடந்தது. எத்தனை தண்ணீரில் அலசினாலும் அது உரம் கிடந்த பைதானே! சமையலுக்கென்றே சூடு தாங்குகிற பைகள் கடையில் விற்கிறார்கள். அதற்கே இன்ன சூட்டுக்கு மேல் வைக்காதே என்று அட்டையில் போட்டிருக்கும். நான் உரப்பையைக் கொண்டுபோய்க் கங்குக்கு அடியில் வைத்திருக்கிறேன்.

நாற்றம் பிடித்து நாத்தனார் வந்துவிட்டார். மேலாக வழித்துப் போட்டுவிட்டு மீதியைப் பரிமாறுங்கள், யாருக்குத் தெரியப் போகிறது, பந்தியில் சோறு பற்றாமல் போனால் என் தம்பிக்குத்தான் மானக்கேடு என்றார். அண்ணன் கரண்டியைக் கையில் எடுத்தார். பந்தலில் ஊரே உட்கார்ந்திருந்தது.

எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது, முக்கால்வாசி என் மேலேயே. கொட்டச் சொன்னால் அண்ணன் சமைத்ததைச் சபையில் வைத்துக் கொட்டச் சொன்னதாகிவிடும். அவர் ரோசப்பட்டுக் கிளம்பிவிட்டால் பிள்ளையை மடியில் வைக்க மாமன் இல்லை, காதுகுத்தே நின்றுபோகும். பேசாமல் இருந்தாலோ அத்தனை பேர் இலையிலும் அது விழும்.

"கொட்டிருவோம்ணே," என்றேன்.

அவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு விறுவிறுவென்று நடந்தார். போச்சு, கிளம்பிவிட்டார் என்றே நினைத்தேன். கொல்லையிலிருந்து மண்வெட்டியோடு திரும்பி வந்தார். ஆடு, நாய் தின்றுவிடாதபடி ஆழமாகக் குழி வெட்டி, அண்டாவைக் கவிழ்த்து மூடினார்.

கணவர் வீட்டார் கூடிவிட்டார்கள். என் தப்புதான் என்று சொல்ல வாயெடுத்தேன். அண்ணன் முந்திக்கொண்டார். "நாந்தேன் பையைப் போட்டு மூடுனேன். எங் கவனப் பிசகு." இந்த லட்சணத்தில்தான் கரண்டி பிடிக்கிறாராக்கும் என்று நாத்தனார் எல்லோருக்கும் கேட்கிற மாதிரிச் சொன்னார். அண்ணன் தலைகுனிந்து நின்றார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

மாவு ஒட்டிய அண்டா பாதிப் பேருக்குத்தான் காணும் என்பதால், அவசரமாக வெள்ளைச் சோறு வடித்து ரசம் வைத்தோம். மகளை அவர் மடியில் உட்காரவைத்தேன். ஆசாரி ஊசியை எடுத்ததும் அவள் மாமன் சட்டையைப் பிடித்துக்கொண்டு வீறிட்டாள். அழுகை ஓய்ந்த பிறகு, என் பழியை நீங்கள் ஏன் ஏற்றீர்கள் என்று மெதுவாகக் கேட்டேன். கிண்ணத்தில் ரசஞ்சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னார்.

"நீ சொல்லலைன்னா நான் கம்முன்னுதேன் இருந்திருப்பேன். இவளுக்கு மொத வாய் மாமன்தேன் ஊட்டணும். அந்த அண்டாவுல இருந்துதேன் அள்ளியிருப்பேன். அதுக்கு முன்னால இந்தப் பேச்சு என்னத்தா."

முதல் வாயை உருட்டி நீட்டினார். மகள் கண்ணீரோடு வாயைத் திறந்தாள்.