மீசை வைத்த ஹவாய் ராணி

1993ஆம் ஆண்டு தை மாதம் டென்மார்க் அரசாங்கம் எங்களால் கவிழ்ந்தது. எங்களால் என்றால், எங்கள் பெண்சாதிமாரால். அகதிகளாக வந்த தமிழர் தங்கள் மனைவி பிள்ளைகளைக் கூப்பிடப் போட்ட விண்ணப்பங்களைச் சட்டத்துக்கு மாறாகக் கிடப்பில் போட்டுவைத்த விஷயம் விசாரணையில் அம்பலமாகி, பிரதமர் பதவியை விட்டார். அன்றைக்கு நாங்கள் குடியிருந்த கிரின்ஸ்டெட் ஊரில் எங்களைக் கண்டவர்கள், ஏதோ நாங்கள் துவக்கோடு போய் நாடாளுமன்றத்தைப் பிடித்துவிட்ட மாதிரிப் பார்த்தார்கள். எனக்கு அரசியல் கதைக்க விருப்பமில்லை. அதற்குக் கனபேர் இருக்கிறார்கள். நான் சொல்ல வந்தது பாலேந்திராவைப் பற்றி. அரசாங்கம் விழுவதற்குச் சில வருடங்கள் முன்னமே, இதே ஊரில், ஒரு முடியாட்சியை விழவிடாமல் இழுத்துப் பிடித்த மனிதன் அவன்.

பாலேந்திரா கரவெட்டிச் சங்கக்கடையில் சீனி நிறுத்தவன். கலியாணம் கட்டி நாலாம் மாதம், எண்பத்தாறில், வெளிநாட்டுக்கு வெளிக்கிட்டான். பெண்சாதியின் பெயர் பவளராணி. அவனுக்கு வெறும் ராணி. வாசலில் நின்ற வான்காரன் ஹோர்ன் அடித்து அவசரப்படுத்திய பதற்றத்தில், எங்கள் ஊரில் ஒருவரும் வாயில் எடுக்காத சொல்லை அவன் எடுத்துவிட்டான். "போட்டு வாறன்" என்று சொல்ல வேண்டியவன், "ராணி, நான் போறன்" என்றுவிட்டான்.

அவளுடைய விசா இழுபட இழுபட, நாங்கள் கோபன்ஹேகனில் ஆட்சியில் இருக்கிறவர்களை ஏசினோம். அவன் மட்டும் தன் வாய்தான் அவளைத் தடுத்து வைத்திருக்கிறது என்று நம்பினான். அதற்குப் பிறகு குப்பை கொட்டப் போனாலும் "அண்ணை, போட்டு வாறன்" என்பான். கக்கூசுக்குப் போகும்போதும் சொல்வான். ஒரே வீட்டில் குடியிருந்த எனக்கு விசர் பிடிக்கும்.

டெனிஷ் மொழியில் 'வாறன்' என்பதற்கு 'யாய் கொம்மா' என்று சொல்லவேண்டும். முதல்நாள் வகுப்பில் ஆசிரியை என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு 'கொம்மா' என்றாள். எங்கள் பக்கத்தில் ஒருவனின் தாயை இழுத்துச் சண்டைக்குக் கூப்பிடுகிற சொல் அது. எனக்குக் கை முறுகியது. பாலேந்திராவுக்கோ அந்தச் சொல் நன்றாகப் பிடித்துக்கொண்டது. 'போறன்' என்பதற்கு 'யாய் கோ'. அதை அவன் தொடவே இல்லை. வேலை முடிந்து எல்லாரும் 'யாய் கோ' சொல்லிக் கிளம்ப, இவன் மட்டும் 'யாய் கொம்மா' சொல்லிவிட்டு வீட்டுக்குப் போய்விடுவான். வருகிறேன் என்றவனைக் காணவில்லையே என்று ஃபோர்மன் ஒருநாள் கதவைப் பூட்டாமல் காத்துக்கொண்டு இருந்தாராம்.

நாங்கள் வேலை செய்தது பீட்ரூட்டைச் சீனியும் வினாகிரியும் விட்டுப் போத்தலில் அடைக்கிற ஒரு தொழிற்சாலையில். அங்கே கன்டீனுக்குப் பொறுப்பானவள் கேர்டா. எண்பத்தெட்டுக் கோடையில் தொழிற்சாலை விருந்தை 'ஹவாய் விருந்து' என்று அறிவித்தாள். வேறு இடங்களில் கடதாசி மாலையும் அன்னாசித் துண்டும் போட்டால் ஹவாய் முடிந்தது. கேர்டா அப்படி விடுகிற ஆள் இல்லை. நூலகத்தில் புத்தகம் எடுத்துப் படித்தாள். நூறு வருடமளவுக்கு முன் அந்தத் தீவை ஒரு ராணி ஆண்டாளாம். சீனி வியாபாரிகளும் கரும்புத் தோட்டக்காரரும் கூட்டுச் சேர்ந்து, அமெரிக்கச் சிப்பாய்கள் கரையில் இறங்கி நிற்க, அவளைச் சிம்மாசனத்தால் இறக்கினார்களாம். அதை நாடகமாகப் போட்ட பிறகுதான் சாப்பாடு என்றாள். பன்றித்தொடைக்கு முன்னால் சரித்திரம்.

ராணி வேஷத்துக்கு மண்ணிறத்தில் ஒரு பெண் வேண்டியிருந்தது.

"உங்கள் பெண்கள் எல்லாம் எங்கே?" என்று என்னைக் கேட்டாள்.

"உங்கள் அரசாங்கத்திடம் கேள்" என்றேன். பகிடி என்று நினைத்துச் சிரித்தாள்.

பெண்கள் இல்லாத படியால் பாலேந்திரா ராணியானான். மீசையை எடுக்கச் சொன்னதற்கு மறுத்துவிட்டான். ஊரிலிருந்து வருகிறவளுக்குத் தன்னை அடையாளம் தெரியவேண்டுமாம். ஆகவே மீசையோடு, மஞ்சள் திரைச்சீலை சுற்றி, கார்ட்போட் முடி வைத்த ராணி. பீட்ரூட் சாயம் ஏறிய கைகளுக்கு மருதோன்றி தேவைப்படவில்லை. என்னைத் தென்னைமரமாக்கினாள். விழுந்து விழுந்து டெனிஷ் படித்தவனுக்குத் தென்னைமரம்! அந்தக் கோபம் எனக்கு இன்னும் இருக்கிறது.

ராணிக்கு ஒரே ஒரு வசனம். வியாபாரிகள் "போ" என்று அதட்ட, அவள் எழும்பி "யாய் கோ" என்று சொல்லி இறங்கவேண்டும். ஒத்திகையில் அதைக் கேட்டதும் பாலேந்திரா வெளிறிப்போனான். வீட்டுக்கு வந்தும் சாப்பிடவில்லை.

"அண்ணை, எனக்கு இந்த வேஷம் வேண்டாம்."

"ஏன், சேலை இறுக்குதோ?"

"ராணி போறா எண்டு என்ரை வாயாலை சொல்லச் சொல்லுறாள். ஒருக்காச் சொல்லித்தானே இவ்வளவும். சபையிலையும் சொன்னால் பிறகு அவள் எப்பிடி வருவாள்?"

"விசர்க்கதை கதையாதை. அது ஹவாய் ராணி. செத்து எவ்வளவு காலம்."

"ராணி எண்டால் ராணிதானே அண்ணை."

அடுத்த நாள் வசனத்தை மாற்றமுடியுமா என்று அவன் கேர்டாவைக் கேட்டான். அவள் புத்தகத்தை விரித்துக் காட்டி, சரித்திரத்தை மாற்ற ஏலாது என்றுவிட்டாள்.

விருந்து நாள் வந்தது. மண்டபம் நிறைய ஆட்கள், மேசை நிறைய பியர். ஃபோர்மன்தான் தலைமைச் சீனி வியாபாரி. தொழிற்சாலைச் சீனி மூட்டையைத் தோளில் சுமந்து வந்து சிம்மாசனத்துக்கு முன்னால் பொத்தென்று போட்டார்.

"ராணியே, போ!"

பாலேந்திரா அசையவில்லை. "யாய் கொம்மா" என்றான்.

சனம் சிரித்தது. ஃபோர்மன் இன்னும் உரக்க, "வருவதில்லை, போ!" என்றார்.

"யாய் கொம்மா."

திரைக்குப் பின்னாலிருந்து கேர்டா "கோ! கோ!" என்று பல்லைக் கடித்தாள். பாலேந்திராவின் கண் நிறைந்துவிட்டது. சிம்மாசனமாக வைத்த கன்டீன் கதிரைமேல் ஏறி நின்று, தொண்டை கிழியக் கத்தினான்.

"ட்ரொனிங்கன் கொம்மா!"

ராணி வருகிறாள் என்று அர்த்தம். டென்மார்க்கும் ராணி உள்ள நாடு. அந்தச் சொல்லைக் கேட்டதும் மண்டபம் முழுக்கச் சடாரென்று எழும்பி வாசலைப் பார்த்து நின்றது. ஒருவர் டையைச் சரிசெய்தார். ஒருவர் பியர்ப் போத்தலை மேசைக்குக் கீழே ஒளித்தார். மேசை அலங்காரத்துக்கு வைத்திருந்த சின்னக் கொடிகள் எல்லாம் கைகளுக்கு வந்தன. சீனி வியாபாரிகளும் புரட்சியை மறந்து தொப்பியைக் கழற்றினார்கள்.

கதவு திறந்தது. அன்னாசி அடுக்கிய பன்றித்தொடையை ஏந்திக்கொண்டு சமையற்காரர் வந்தார். சனம் பழக்கதோஷத்தில் அதற்குக் கொடி ஆட்டியது. சாப்பாடு வந்த பிறகு யார் புரட்சி செய்வது? ஹவாய் முடியாட்சி கிரின்ஸ்டெட்டில் விழவே இல்லை.

கேர்டா நெருப்பாக வந்தாள். திரைச்சீலைத் தலைப்பால் மீசையைத் துடைத்துக்கொண்டு, பாலேந்திரா தனக்குத் தெரிந்த டெனிஷில் சொன்னான். "ராணி என்றால் என் மனைவி. இரண்டு வருடம். விசா இல்லை. போகிறேன் என்று நான் சொல்லமாட்டேன்." அவள் சீனி மூட்டையில் தொப்பென்று குந்திவிட்டாள். அங்கிருந்தபடியே தென்னைமரத்தைப் பார்த்து, "உங்கள் பெண்கள் எங்கே என்று கேட்டேனே" என்றாள். முகம் பீட்ரூட்டாகச் சிவந்திருந்தது. எனக்கும் அழுகை வந்தது, ஆனால் மரம் அழக்கூடாது.

அடுத்த வருடம் விண்ணப்பங்கள் அசையத் தொடங்கின. ஆவணி மாதம் பவளராணி பில்லுண்ட் விமானநிலையத்தில் வந்திறங்கினாள். நான்தான் பாலேந்திராவைக் காரில் கூட்டிப்போனேன். அங்கே பார்த்தால் எங்களுக்கு முன்னமே கேர்டா நிற்கிறாள். பின்னால் ஃபோர்மனும் போத்தல் அடைக்கிற பகுதியும். வருகிற சொந்தக்காரருக்குக் கொடி ஆட்டுவது இந்த ஊர் வழக்கம். கையெல்லாம் கொடி.

கதவு திறந்து, அந்த வெக்கையிலும் தடித்த ஸ்வெற்றர் போட்டுக்கொண்டு பவளராணி வெளியே வந்தாள். எல்லாரும் ஒரே குரலில் கத்தினார்கள்: "ட்ரொனிங்கன் கொம்மா!"

மற்றப் பயணிகள் திகைத்துத் திரும்பிப் பார்த்தார்கள். அவளும் திரும்பிப் பார்த்தாள். பிறகு பையை இழுத்துக்கொண்டு சுவரோடு ஒதுங்கினாள். கொழும்பில் விசாக் கந்தோர் வாசல்களில் எவ்வளவு காலம் ஒதுங்கி நின்று பழகியவள். பாலேந்திரா ஓடிப்போய் அவள் முன்னால் நின்றான்.

"என்னப்பா, கொடியெல்லாம் ஆட்டுகினம். ஆர் வருகினம்?"

அவன் அழுதுகொண்டே, "ராணி வாறா" என்று மட்டும் சொன்னான்.

அவள் அவனுடைய சேர்ட்டைப் பிடித்துத் தன் பக்கம் இழுத்தாள்.

"அப்ப நடுவிலை நிக்காதேங்கோ. தள்ளி நில்லுங்கோ, அவ முதல் போகட்டும்."