கையில் மூன்று பட்டை

2006 ஜனவரி 8, ஞாயிற்றுக்கிழமை, காலை மணி பத்தேகால். மார்கழிப் பனி விலகி இளவெயில் வந்திருந்தது. கடல் பக்கமிருந்து வீசிய காற்று எங்கள் தெருக்கதவை இரண்டு முறை அடித்துச் சாத்தியது. மூன்றாவது சத்தமும் காற்றுதான் என்று எரிச்சலோடு போனேன். வாசலில் ஒரு பெண்மணி நின்றிருந்தார். முகவெட்டு சைகோன் பக்கத்தது, புருவம் மட்டும் அச்சாக என் அம்மாவுடையது.

என் மாமாவின் மகள். மாமா முந்தின அக்டோபரில் பிரான்சில், துலோன் நகரத்தில் இறந்துவிட்ட செய்தி கடிதத்தில் ஏற்கனவே வந்திருந்தது. இந்தப் பெண்ணுக்குத் தமிழ் தெரியாது. நான் பள்ளிக்கூடத்தில் பிரெஞ்சு படித்தவன் என்பதால் பேச்சு அதில் நடந்தது. அப்பா இதை உங்களிடம் கொடுக்கச் சொன்னார் என்று ஒரு காகிதப் பொட்டலத்தை நீட்டினார். மேலே மாமாவின் கையெழுத்தில், தமிழில், ‘மருமவனுக்கு’ என்று மட்டும் இருந்தது. உள்ளே சிவப்புக் கம்பளிப் பட்டைகள், ஒவ்வொன்றும் கூரை முகடு போல நடுவில் மடிந்தவை. எண்ணினேன். திரும்பவும் எண்ணினேன். நான்குதான்.

இவை என்ன என்று கேட்டார். ஐம்பத்து நாலு வருடமாக நான் யாரிடமும் சொல்லாதது. அன்று அவரிடம் சொன்னேன்.

எங்கள் ஊர் பிரெஞ்சுக்காரர்களிடம் இருந்த காலத்தில், அவர்களுடைய பட்டாளத்தில் சேர்ந்தவர்களைச் சொல்தா என்போம். மாமா சொல்தா. அம்மாவின் ஒரே தம்பி. தாய் தகப்பன் இல்லாமல் அம்மா கையில் வளர்ந்தவர். இந்தோசீனாவில் சண்டை நடந்துகொண்டிருந்தபோது அங்கிருந்து 1951 ஜூன் 9ஆம் தேதி விடுமுறையில் வந்து இறங்கினார். அதற்கு முன்பே கடிதம் வந்துவிட்டது: தம்மைக் கப்ராலிலிருந்து செர்ஜானாக உயர்த்திவிட்டார்கள் என்று. அம்மா அந்தக் கடிதத்தைத் தெருவில் பதினொரு வீட்டுக்குப் படித்துக் காட்டினார். நானும் கூடவே போனேன்.

பன்னிரண்டாவது வீடு அடுத்த தெருவில் இருந்தது. அங்கே ஒரு பழைய அஜுதான் இருந்தார். செர்ஜானுக்கும் மேலே உள்ள பதவியில் ஓய்வு பெற்றவர். மார்பில் குத்த ஐந்து மெடல். அவருக்கு ஒரே பெண். செர்ஜானுக்குக் குறைந்த எவனுக்கும் பெண் கொடுப்பதில்லை என்று ஊரறியச் சொல்லி வைத்திருந்தார். அம்மா அவர் வீட்டில் கடிதத்தை இரண்டு முறை படித்தார். மாமாவின் கப்பல் கரைக்கு வருவதற்குள் ஜாதகம் பார்த்தாகிவிட்டது. ஜூலை 14, பிரெஞ்சுக்காரர்களின் தேசிய நாள் அன்று கடற்கரைச் சாலையில் அணிவகுப்பு நடக்கும். விடுமுறையில் வந்த சொல்தாக்களும் உடுப்புப் போட்டு நிற்பார்கள். அங்கே மாப்பிள்ளையை உடுப்போடு ஒரு தடவை பார்த்துவிட்டு, அன்று சாயந்திரமே தட்டு மாற்றிக்கொள்ளலாம் என்பது அஜுதானின் ஏற்பாடு.

இந்த ஏற்பாட்டை அம்மா சொன்னபோதெல்லாம் மாமா எழுந்து வெளியே போய்ச் சுருட்டுப் பிடித்தார். ஒரு நாளில் ஐந்து சுருட்டு. சோற்றைப் பிசைந்தபடியே இருப்பார், வாய்க்குப் போகாது. வாயைத் திறப்பார், அம்மா பெண்ணின் நிறத்தைப் பற்றியோ நகையைப் பற்றியோ ஆரம்பிப்பார், மாமா வாயை மூடிக்கொள்வார். ஒன்பது வயதுப் பையனான எனக்கும் ஏதோ சரியில்லை என்று தெரிந்தது. என்ன என்றுதான் தெரியவில்லை.

ஜூலை 13, வெள்ளிக்கிழமை, பிற்பகல் மூன்று மணிக்குத் தெரிந்துவிட்டதாக நினைத்தேன்.

மாமா தம் காக்கிச் சட்டையையும் ஒரு சின்னப் பொட்டலத்தையும் என்னிடம் கொடுத்துத் தையல்காரரிடம் அனுப்பினார். சட்டையின் இரண்டு கைகளிலும் இரண்டிரண்டு சிவப்புக் கம்பளிப் பட்டை. பொட்டலத்தில் தங்கச் சரிகைப் பட்டை, கைக்கு ஒன்று.

“சிவப்பு நாலையும் பிரிச்சிடச் சொல்லு. இத கைக்கு ஒண்ணு தைக்கணும். புரியுதா மருமவனே?”

தலையாட்டினேன். தெருமுனை திரும்பியதும் நின்று கணக்குப் போட்டேன். இரண்டைக் கழற்றுகிறார்கள், ஒன்றைத் தைக்கிறார்கள். எங்கள் வகுப்பில் முதலாக வருகிறவன் சட்டையில் ஒரு நாடா குத்துவார்கள், மதிப்பெண் குறைந்தால் வாத்தியார் வந்து அதைக் கழற்றுவார். கழற்றுவது என்றால் இறக்கம். போதாததற்கு, கோரிமேட்டு எல்லையில் இந்திய யூனியன் போலீஸ்காரர்களை நான் மணிக்கணக்காக நின்று பார்த்தவன். அங்கே மூன்று பட்டைக்காரருக்கு இரண்டு பட்டைக்காரர் சல்யூட் அடிப்பார், வெறுங்கைக்காரர் இருவருக்கும் அடிப்பார். அந்தப் பக்கத்துப் பட்டாளத்தாருக்குத் தொப்பி வலப்பக்கம் சாயும், வில்லை இடக் கண்ணுக்கு மேலே இருக்கும் என்பதும், எங்கள் சொல்தாக்களின் பெரேத் தொப்பியில் எல்லாம் அதற்கு நேர்மாறு என்பதும் எனக்குத் தெரியும். ஒரு நோட்டில் படம் போட்டு வைத்திருந்தேன். தொப்பி மாறினாலும் எண்கள் மாறாது என்று நம்பினேன். மூன்று எங்கே போனாலும் மூன்றுதானே.

ஆகவே மாமாவைத் தண்டித்து இறக்கிவிட்டார்கள். செர்ஜான் என்று எழுதியது பொய். அதனால்தான் சோறு இறங்கவில்லை. நாளைக் காலையில் ஐந்து மெடல்காரர் அந்த ஒற்றைப் பட்டையைப் பார்ப்பார், அம்மா தெருவில் தலை காட்ட முடியாது. 

மாமா சொன்ன தையல்காரர் சொல்தாக்களுக்கே தைப்பவர். அவர் கடையில் எனக்கு முன்னால் ஒன்பது சட்டைகள் தொங்கின. காத்திருக்க முடியவில்லை. காத்திருந்தாலும் அவரிடம் நான் நினைத்ததைச் செய்யச் சொல்லியிருக்க முடியாது, கேள்வி கேட்பார். இரண்டு தெரு தள்ளி ரவிக்கை தைக்கும் ஒருவர் இருந்தார். அவரிடம் போய், சிவப்பு இருக்கிறபடி இருக்கட்டும், அதற்கு மேலே சரிகையையும் சேர்த்துத் தைக்க வேண்டும் என்றேன். இரண்டும் ஒன்றும் மூன்று. எவரும் குறை சொல்ல முடியாத எண்.

“யாரு சொன்னா இப்பிடி?” என்றார் அவர்.

“மாமாதான்,” என்றேன்.

அவர் சட்டையைத் திருப்பிப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மிஷினில் காலை வைத்தார். ரவிக்கைக் கைக்குச் சரிகை வைத்துத் தைத்துப் பழகியவர். கோணாமல் தைத்துக் கொடுத்தார்.

வீட்டில் சட்டையைத் துண்டால் மூடி ஆணியில் மாட்டி, யாரும் தொடாதபடி பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். மறுநாள் ஆறரை மணிக்கு மாமா குளித்துவிட்டு வந்து துண்டை விலக்கினார். நான் மனதுக்குள் எண்ண ஆரம்பித்தேன். பதினேழு வரை எண்ணினேன். அதுவரை அவர் கண் அந்தக் கையை விட்டு நகரவில்லை. பிறகு என்னைப் பார்த்தார். 

“தையல் நல்லா இருக்கு,” என்றார்.

சட்டையை மாட்டினார். பெரேவை இடப்பக்கம் சாய்த்து, நங்கூர வில்லை வலக் கண்ணுக்கு மேலே வரும்படி கண்ணாடியில் சரிபார்த்தார். அன்று காலை நான்கு இட்லி சாப்பிட்டார். அவர் வந்த நாளிலிருந்து மூன்றைத் தாண்டியதில்லை. ஒரு மனிதரைக் காப்பாற்றிய கர்வத்தில் எனக்குத்தான் இட்லி இறங்கவில்லை.

கடற்கரைச் சாலையில் மாமா இரண்டாவது வரிசையில் ஆறாவது ஆளாக நின்றார். அம்மா புதுச் சேலையில் இருந்தார். அப்பாவுக்கு மில்லில் காலை ஷிப்ட், வரவில்லை. அஜுதான் சாலைக்கு அந்தப் பக்கம் ஐந்து மெடலோடு நின்றார். நான் ஒரு காலை மாற்றி ஒரு காலில் நின்றேன். கொடி ஏறியது, வாத்தியம் வாசித்தார்கள், வரிசை நகர்ந்தது. மாமா கடந்து போனபோது அஜுதானின் முகம் அவரோடு சேர்ந்து மெதுவாகத் திரும்பியது. மற்றவர்கள் முகத்தைப் பார்த்தார்கள். அவர் மாமாவின் கையைப் பார்த்தார்.

எல்லாம் கலைந்ததும் எங்களிடம் நேரே வந்தார். மாமாவின் சட்டைக் கையை இரண்டு விரலால், அழுக்குத் துணியைப் பிடிப்பது போலப் பிடித்தார்.

“செர்ஜான்னு இல்ல சொன்னாங்க? இது கப்ரால் ஷெஃப், செர்ஜானுக்கு ஒரு படி கீழ.”

மாமா விறைப்பாக நின்றார். “கையில இருக்கறத நீங்களே படிக்கலாம், மோன் அஜுதான்.”

அம்மாவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. மூன்று பட்டை இருக்கிறதே என்றார். அஜுதான் அம்மாவின் பக்கம் திரும்பி, சின்னப் பிள்ளைக்குச் சொல்வது போல, நிறுத்தி நிறுத்திச் சொன்னார்: “தங்கம் ஒண்ணே ஒண்ணு தனியா இருந்தா செர்ஜான். கீழ கம்பளி ரெண்டு இருந்தா அவன் இன்னும் கம்பளிக்காரன்தான். ஒண்ணு போட்டுக்கினு வந்திருந்தா பொண்ணு குடுத்திருப்பேன்மா. மூணு போட்டுக்கினு வந்திருக்கான்.”

என் காதில் வாத்தியம் இன்னும் வாசித்துக்கொண்டே இருந்தது. எங்கள் ஊரில் ஒன்று மூன்றைவிடப் பெரியது. யாரும் எனக்குச் சொல்லவில்லை. நானும் யாரையும் கேட்கவில்லை. தையல்காரன் பிழை என்று மாமா ஒரு வார்த்தை சொன்னால் போதும். பெட்டியில் பதவி உயர்வுக் காகிதம் முத்திரையோடு இருந்தது, அதைக் காட்டினால் அதைவிடப் போதும். வாயைத் திறந்து நானே செய்தேன் என்று சொல்ல முயன்றேன். மாமாவின் கை என் தோளில் விழுந்தது. அழுத்தமான கை. நான் வாயை மூடிக்கொண்டேன். அவரும் சொல்லவில்லை.

வீட்டுக்கு வரும் வழியில் அம்மா எங்களுக்கு முன்னால் நடந்தார். வாசலில்தான் திரும்பினார். செர்ஜான் என்று பொய் எழுதி, அதைப் பன்னிரண்டு வீட்டில் தன்னைப் படிக்க வைத்தவன் இனி இந்த வாசப்படி மிதிக்க வேண்டாம் என்றார். மாமா அப்போதும் பெட்டியைத் திறக்கவில்லை. உடுப்போடே நின்றார். நான் பின்னாலேயே போய், யாருக்கும் கேட்காமல், மூணு ஒண்ணைவிடப் பெரிசு இல்லையா மாமா என்று கேட்டேன்.

“எண்ணிக்கைக்குப் பெரிசுதான் மருமவனே,” என்றார். சிரித்தார் என்றுதான் ஞாபகம். ஒன்பதாம் நாள் கப்பல் ஏறிவிட்டார்.

அஜுதானின் பெண்ணுக்கு மூன்றாம் மாதமே ஒரு பள்ளிக்கூட வாத்தியாரோடு கல்யாணம் ஆனது, நான்கு பிள்ளைகள், குறையில்லை. மாமா நாலு வருடம் கழித்து, சைகோனிலேயே ஒருத்தியைக் கட்டிக்கொண்டதாக எழுதினார். அப்புறம் பிரான்சுக்குப் போனார். அம்மாவுக்கு மொத்தம் அறுபத்தொரு கடிதம் எழுதினார், பணம் அனுப்பினார், வாசப்படி மட்டும் மிதிக்கவில்லை. அம்மாவின் கோபம் ஒரு வருடம்கூடத் தாங்கவில்லை. ஜூலை 14 வந்தால் பிள்ளையார் கோயிலில் ஒரு தேங்காய் உடைப்பார், தம்பி ஒரு தடவையாவது திரும்பி வரட்டும் என்று. அந்தக் கல்யாணம் நடந்திருந்தால் அவன் இந்த ஊரிலேயே இருந்திருப்பான் என்று தேங்காய்க்கு ஒரு முறை சொல்வார். கூடை பிடித்து நிற்கும் என்னைப் பார்த்துச் சொல்லவில்லை. எனக்குத்தான் அப்படிக் கேட்டது. எனக்காகப் பழியை ஏற்றுக்கொண்டு வீட்டை இழந்தவர் மாமா என்று நினைத்துக்கொண்டு வளர்ந்தேன், வேலைக்குப் போனேன், கல்யாணம் செய்துகொண்டேன், ஓய்வு பெற்றேன். அம்மா போன பிறகு அந்தத் தேங்காயை நான் உடைத்தேன்.

இதையெல்லாம் கேட்டுவிட்டு மாமாவின் மகள் பட்டைகளை ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்தார். அப்பா இவற்றைக் கப்பலில் உட்கார்ந்து தாமே பிரித்ததாகவும், வீடு மாறின ஒவ்வொரு தடவையும் தம் கையாலேயே எடுத்து வைத்ததாகவும் தம் அம்மா சொல்லியிருக்கிறாராம். ஏன் என்று இருவருமே அவருக்குச் சொல்லவில்லை.

எண்ணுகிறவனுக்குச் சும்மா இருக்க முடியாது. காப்பியைக் கொடுத்துவிட்டு, நீங்கள் பிறந்தது எப்போது என்று கேட்டேன்.

ஐம்பத்தொன்று, மார்ச் மூன்று, சைகோனில் என்றார்.

நான் விரல் விட்டு எண்ணினேன். மார்ச், ஏப்ரல், மே, ஜூன். அணிவகுப்பு நாளன்று இவருக்கு நான்கு மாதம் பதினொரு நாள். அவர் தம்ளரைக் கீழே வைக்கும் சத்தம் கேட்டது. எனக்குத் திரும்ப எண்ண வேண்டியிருந்தது, எண்ணினேன், அதேதான் வந்தது.

துண்டை விலக்கிப் பதினேழு எண்ணும்வரை மாமா பார்த்தது என்னுடைய தப்பை இல்லை. அக்காளிடம் ஐந்து சுருட்டுப் பிடித்தும் சொல்ல வாய் வராத ஒன்றை, யார் மனமும் நோகாமல், தன் வாயால் சொல்லாமல், ஒரு சட்டைக் கை சொல்லிவிடும் என்பதைப் பார்த்தார். தையல் நல்லா இருக்கு என்றார். நான்கு இட்லி சாப்பிட்டார். தோளில் விழுந்த அந்தக் கை என்னைக் காப்பாற்ற விழுந்தது என்று ஐம்பத்து நாலு வருடம் நம்பினேனே, அது என் வாயை மூட விழுந்தது. அறுபத்தொரு கடிதத்தில் ஒன்றிலாவது ஒரு வரி எழுதியிருக்கலாம். அம்மா போன பிறகாவது எனக்கு எழுதியிருக்கலாம். கோபம்தான் வருகிறது. இறந்தவரிடம் கோபப்பட்டு என்ன செய்ய. வாசலில் அம்மாவின் புருவத்தோடு வந்து நின்றவரை நான் இன்னும் இரண்டு நாள் இருக்கச் சொன்னேன், நான்கு நாள் இருந்தார்.

அவர் போன பிறகு கணக்கைப் பார்த்தேன். அம்மா உடைத்தது இருபத்தைந்து தேங்காய். நான் உடைத்தது 1977 முதல் 2005 வரை இருபத்தொன்பது. முதல் காய் ஒன்றேகால் ரூபாய், கடைசிக் காய் ஏழு ரூபாய். ஒன்று அழுகல், திரும்ப வாங்கியதையும் சேர்த்து, என் பங்கு மொத்தம் நூற்றுப் பதினெட்டு ரூபாய் ஐம்பது காசு.