எபிடாவ்ரோஸ் கடலில் ஒரு புரட்டாதிச் சனி

வெள்ளிக்கிழமை காலை ஆறு மணிக்கு லண்டன் பிளேஸ்டோ வீட்டிலிருந்து வெளிக்கிட்டோம். நானும் மகள் ஆரணியும். மனைவி வாசலில் நின்று திருநீறு பூசிவிட்டாள். ஆரணிக்கு நெற்றி நிறைய. எனக்குக் கொஞ்சம்.

"இஞ்சாருங்கோ, அவளுக்குப் பின்னாலயே இருங்கோ. கண்ணை எடுக்காதேங்கோ" என்றாள்.

போகிற இடம் கிரேக்க நாடு. கடலில் கயாக் ஓட்டிக்கொண்டு போய், கரையோரம் கிடக்கிற பழைய இடிபாடுகளைப் பார்ப்பது. கயாக் என்பது ஒடுங்கிய படகு. கால் இரண்டையும் அதற்குள் நீட்டி, இடுப்புவரை புதைந்து இருக்க வேண்டும். ஆரணி தன் சிநேகிதியோடு போக ஒழுங்கு செய்த பயணம் இது. சிநேகிதிக்கு ஷிப்ட் மாறிவிட்டது. அந்த இடத்தில் நான்.

நான் போனதற்குக் காரணம் இருக்கிறது. ஆவணியில் வெம்பிளிச் சாத்திரியார் ஆரணியின் சாதகக் குறிப்பைப் பார்த்தார். ஏழரைச் சனி நடக்கிறது, ஐப்பசி முடியுமட்டும் தண்ணீரில் கண்டம் என்றார். அன்று தொடக்கம் மனைவிக்கு நித்திரை இல்லை. ஆரணி குளிக்கிறபோதும் போய்க் கதவில் தட்டுவாள்.

"அம்மா, நான் ஒவ்வொரு புதனும் ஸ்விம்மிங் பூலுக்குப் போறன். அங்க வராத கண்டம் கிரீஸில வருமா?"

"அது கவுன்சில் தண்ணி. இது கடல்."

ஆரணிக்கு இருபத்தேழு வயது. மறிக்க ஏலாது. அதனால் மனைவி என்னைக் காவலுக்கு அனுப்பினாள். எனக்கு நீந்தத் தெரியாது. பிறந்தது யாழ்ப்பாணத்து உரும்பிராயில். அங்கே கிணறும் தோட்டமும்தான். லண்டனுக்கு வந்து இருபது வருஷமாக ஈஸ்ட் ஹாமில் மீன்கடையில் மீன் வெட்டுகிறேன். கடலோடு எனக்கு உள்ள பழக்கம் அவ்வளவே.

மகளுக்காக இந்த முறை புரட்டாதிச் சனி விரதமும் பிடித்தேன். சனிக்கிழமை மத்தியானம் ஒரு நேரம்தான் சாப்பாடு. அதிலும் முதல் பிடி சோறு காகத்துக்கு. காகம் தொட்ட பிறகுதான் நாங்கள் கைவைப்பது. முதல் சனிக்கு ஆர்ச்வே கோயிலில் எள்ளெண்ணெய் விளக்கு எரித்தேன். இரண்டாம் சனி இந்தப் பயணத்தில் வந்தது.

ஏதென்ஸில் விமானம் இறங்கினபோது பின்னேரம் இரண்டு மணி. அங்கிருந்து பழைய எபிடாவ்ரோஸ் என்ற ஊருக்கு நூற்றைம்பது கிலோமீட்டர் வரும். வேனுக்கு நூற்றிருபது யூரோ. சாரதி கிழவர். வழியில் கொரிந்த் கால்வாயில் நிறுத்தினார். மலையைக் கத்தியால் கீறினது மாதிரி ஒரு வெட்டு. அடியில் நீலத் தண்ணீர். பாலத்தில் நின்று குனிந்து பார்த்தேன். உடனே போய் வேனில் ஏறி இருந்தேன். ஆரணி நின்று படம் எடுத்தாள்.

சாரதி எந்த நாடு என்று கேட்டார். இலங்கை என்றேன்.

"தீவு! அப்படியென்றால் நீங்களும் எங்களைப்போலத்தான். கடல் தெரிந்தவர்கள்."

"மீன் வெட்டத் தெரியும்" என்றேன்.

அவர் பெரிதாகச் சிரித்தார். நான் பகிடி விட்டேன் என்று நினைத்தார்.

ஊருக்குப் போய்ச் சேர ஐந்து மணி. வழியெல்லாம் தோடம்பழத் தோட்டம், ஆரஞ்சு மரங்கள். தங்கின வீடு கடலில் இருந்து முப்பது அடி. இரவு முழுக்கக் கல்லில் தண்ணீர் அடிக்கிற சத்தம். பக்கத்துக் கட்டிலில் ஆரணி நித்திரை. நான் அவள் மூச்சைக் கேட்டுக்கொண்டு படுத்திருந்தேன்.

சனிக்கிழமை விடிய எழும்பிக் குளித்தேன். லண்டனிலிருந்து கொண்டுபோன அரிசியைச் சமைத்தேன். பருப்பு, வாழைக்காய்ப் பொரியல். ஒரு டப்பாவில் போட்டு மூடினேன். ஆரணி பாணும் முட்டையும் சாப்பிட்டாள். நான் தண்ணீர் மட்டும் குடித்தேன். அவள் போனில் காற்றைப் பார்த்துக்கொண்டிருந்தாள். என்னைக் கவனிக்கவில்லை.

ஒன்பது மணிக்குக் கடற்கரை. ஆளுக்கு எழுபது யூரோ. வழிகாட்டி எலெனி என்ற பெண். நாற்பது வயதிருக்கும். மூக்கு வெயிலில் உரிந்திருந்தது. எங்களோடு ஒரு ஜெர்மன் தம்பதி. எலெனி லைஃப் ஜாக்கெட்டை எனக்குப் போட்டு வாரை இழுத்தாள். மூச்சு முட்டியது. இன்னும் இறுக்கச் சொன்னேன்.

படகு கவிழ்ந்தால் என்ன செய்வது என்று சொல்லித்தந்தாள். பயப்படாதே. காலை வெளியே எடு. படகை விடாதே. ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினேன். மூன்றில் முதலாவது என்னால் ஆகாது என்று அப்போதே தெரியும்.

எங்களுக்கு இரண்டு பேர் இருக்கிற கயாக். எலெனி ஆரணியைப் பின்னால் இருக்கச் சொன்னாள். பின்னால் இருப்பவரிடம்தான் சுக்கான். காலடியில் இரண்டு மிதி இருக்கும். இடது மிதித்தால் இடம், வலது மிதித்தால் வலம். பழக்கம் உள்ளவர் பின்னால் இருப்பதுதான் முறையாம்.

"நான் பின்னால" என்றேன்.

"அப்பா, ஓட்டிறது பின்னால இருக்கிற ஆள். உங்களுக்கு ஓட்டத் தெரியாது."

"கொம்மா பின்னால இருக்கச் சொன்னவ."

"அம்மாவுக்குக் கயாக்கில எது முன், எது பின் எண்டு தெரியுமோ?"

நான் பின்னால் ஏறி இருந்துவிட்டேன். எலெனி தோளைக் குலுக்கினாள். அலை இல்லாத காலை. பரவாயில்லை என்று விட்டிருப்பாள்.

தண்ணீரில் இறங்கினதும் படகு நடுங்கியது. பிறகு தெரிந்தது, நடுங்கினது நான். ஆரணியின் பின்னந்தலையைப் பார்த்துக்கொண்டேன். கட்டின மயிர், சிவப்பு ஜாக்கெட். வேறு எங்கும் பார்க்கவில்லை.

பதினொரு மணிபோல எலெனி துடுப்பைத் தூக்கி நிறுத்தச் சொன்னாள். கரைக்குக் கிட்டத்தான். கீழே பாருங்கள் என்றாள். பார்த்தேன். தண்ணீர் கண்ணாடி மாதிரி. ஆறேழு அடிக்குக் கீழே சுவர்கள். அறை அறையாகப் பிரித்த சுவர்கள். பெரிய மண்சாடிகளின் வட்ட வாய்கள். அதற்குள் சின்ன மீன்கள் போய்வந்தன. ஊரார் இதை மூழ்கிய நகரம் என்கிறார்கள். உண்மையில் ரோமர் காலத்துப் பெரிய வீடு ஒன்று, எண்ணெயும் வைனும் வைத்த சாடிகள் என்று எலெனி சொன்னாள்.

"வடிவாக் கிடக்கு, என்ன அப்பா?"

வடிவுதான். ஆனால் எனக்கு வேறு யோசனை. யாரோ குசினி கட்டி, சாடி நிரப்பி, பிள்ளைகளோடு இருந்த வீடு. முழுவதையும் கடல் எடுத்துவிட்டது. ஆரணி கையைத் தண்ணீருக்குள் விட்டாள்.

"கையை எடு."

"தண்ணிதானே அப்பா."

"எடு பிள்ளை."

எடுத்தாள். என் குரல் அப்படி இருந்திருக்க வேண்டும்.

அங்கிருந்து குடாவைக் குறுக்கே கடந்து அக்கரை மேட்டுக்குப் போனோம். ஒரு கிலோமீட்டர் என்றார்கள். நடுவில் தண்ணீர் கறுத்துவிட்டது. அடி தெரியவில்லை. கால் மிதியில் விறைத்துப்போய் இருந்தது. படகு பாம்பு மாதிரி வளைந்து வளைந்து போனது. ஆரணி துடுப்பால் அதை நேராக்கிக்கொண்டு வந்தாள். ஜெர்மன்காரர் சிரித்தார்.

மேட்டில் இறங்கினபோது பன்னிரண்டு மணி. அங்கே பழைய மதில் ஒன்று. ஒவ்வொரு கல்லும் எங்கள் கடை ஃப்ரீசர் அளவு. சாந்து இல்லாமல் ஒன்றின்மேல் ஒன்று. அந்தப் பக்கம் தோடைத் தோட்டங்களுக்கு நடுவே ஒரு சின்னக் கல் அரங்கு இருக்கிறது என்று எலெனி கை காட்டினாள். எல்லாரும் சாப்பிட இருந்தார்கள். நான் டப்பாவை எடுத்துக்கொண்டு மதிலின் மறுபக்கம் போனேன். கல்லில் ஒரு பிடி சோறு வைத்து, கா கா என்று கூப்பிட்டேன்.

காகம் இல்லை. வானத்தில் கடற்பறவைகள் மட்டும். அவை வெள்ளை. நான் நின்றேன். எறும்பு வந்தது. கொஞ்சத்தில் எங்கிருந்தோ ஒரு மெலிந்த பூனை வந்து சோற்றைத் தின்றது. பருப்பையும் நக்கியது. இன்னொரு பிடி வைத்தேன். அதற்குள் எலெனி வந்துவிட்டாள். பழைய கல்லில் சாப்பாடு வைக்கக்கூடாது, காவல்காரர் கண்டால் சத்தம் போடுவார் என்றாள். துடைத்தெடுத்தேன். டப்பாவை மூடினேன். பூனை என்னைப் பார்த்தது.

காகம் தொடாத சோற்றை நான் தொடவில்லை. மகளின் கண்டத்துக்காகப் பிடிக்கிற விரதம். கடல் நடுவில் வைத்து அதை முறிக்கப் பயமாக இருந்தது. கரைக்குப் போய்ப் பார்ப்போம் என்று நினைத்தேன்.

ஒன்றரைக்குத் திரும்பினோம். காற்று எழும்பியிருந்தது. குடா முழுக்கச் சின்ன வெள்ளை நுரை. எலெனி வானத்தைப் பார்த்துவிட்டு, நெருக்கமாக வாருங்கள், நிற்காமல் துடுப்புப் போடுங்கள் என்றாள். காலையெல்லாம் பகிடி விட்டவள் இப்போது நிறுத்தியிருந்தாள். அதுதான் எனக்குப் பயம் கூட்டியது.

பாதி தூரத்தில் காதுக்குள் இரையத் தொடங்கியது. முதலில் காற்று என்று நினைத்தேன். பிறகு ஆரணியின் சிவப்பு ஜாக்கெட் இரண்டாகத் தெரிந்தது. கை குளிர்ந்து வேர்த்தது. கால் மிதியில் இருந்து வழுகியது. படகு தானாகத் திரும்பிப் பக்கவாட்டில் அலைக்கு நின்றது. ஒரு அலை ஏறி ஆரணியின் மடியில் கொட்டியது. படகு சரிந்தது. அவள் துடுப்பால் தண்ணீரை அறைந்து நிமிர்த்தினாள்.

"அப்பா! வலது கால்! வலதை மிதியுங்கோ!"

எது வலது என்று தெரியவில்லை. அடுத்த அலை. அவள் திரும்பி என்னைப் பார்த்தாள். அந்த முகத்தை நான் முன்பு கண்டதில்லை. அவள் பயந்திருந்தாள். தண்ணீருக்கு அல்ல. என்னைப் பார்த்து.

எலெனி வந்து எங்கள் படகைத் தன் படகோடு சேர்த்துப் பிடித்தாள். ஜெர்மன்காரர் மறுபக்கம் பிடித்தார். மூன்று படகும் ஒன்றாக ஏறி இறங்கின. இன்றைக்கு இவர் என்ன சாப்பிட்டவர் என்று எலெனி கேட்டாள்.

ஆரணி வாய் திறந்து, பிறகு நிறுத்தினாள்.

"அப்பா, இண்டைக்குச் சனி."

நான் துடுப்பைப் பார்த்தேன்.

"காலமையும் சாப்பிடேல்லை? அந்தச் சோத்துப் பெட்டி?"

"காகம் வரேல்லை."

"காகம் வரேல்லையோ? கடல் நடுவில வச்சுச் சொல்லுறீங்கள் காகம் வரேல்லை எண்டு! ஆருக்கு அப்பா இந்த விரதம்?"

"உனக்குத்தான்."

கண்ணைத் துடைத்தாள். உப்புத் தண்ணீராகவும் இருக்கலாம்.

எலெனி ஜாக்கெட் பையில் இருந்து ஒரு பொட்டலத்தைப் பிரித்து என் கையில் வைத்தாள். சின்னத் துண்டு. தேனில் பாகு காய்ச்சி இறுக்கினது. பார்த்தால் எள்ளு. முழுக்க எள்ளு. ஊரில் செய்கிற எள்ளுப்பாகு மாதிரி. சனிக்கு எரிக்கிற அதே எள்ளு.

"சாப்பிடுங்கோ அப்பா. நீங்கள் மயங்கினால் நானும் கவிழுவன்."

சாப்பிட்டேன். பல்லில் ஒட்டியது. எலெனி இன்னொன்று தந்தாள். அதையும் சாப்பிட்டேன். காகத்துக்கு வைக்கவில்லை. சாமியையும் கும்பிடவில்லை. அந்த நேரம் ஆரணியின் முகம் மட்டும்தான் தெரிந்தது.

எலெனி கயிறு போட்டு எங்களை இழுத்தாள். ஆரணி முன்னால் விடாமல் துடுப்புப் போட்டாள். கரை வருமட்டும் நான் படகின் ஓரத்தைப் பிடித்தபடி இருந்தேன். விரதம் முறிந்துவிட்டது, இனி ஏதாவது நடக்கும், இந்த அலையில் நடக்கும், இல்லை அடுத்ததில் என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். நடக்கவில்லை. மணல் அடியில் உரஞ்சியது.

இறங்கும்போது ஆரணி என் கக்கத்துக்குள் கை கொடுத்துத் தூக்கினாள். குப்பைத் தொட்டி மேலே ஒரு காகம் இருந்தது. உடம்பு சாம்பல் நிறம், தலையும் செட்டையும் கறுப்பு. பாண் துண்டு ஒன்றைக் கொத்திக்கொண்டிருந்தது.

"இப்ப வாறாய்" என்றேன்.

ஆரணிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அழுதுகொண்டே சிரித்தாள். டப்பாவைத் திறந்து காகத்துக்குக் கொஞ்சம் போட்டேன். மிச்சத்தை நாங்கள் இரண்டு பேரும் மணலில் இருந்து சாப்பிட்டோம்.

ஞாயிறு திரும்பினோம். அதே வேன், அதே சாரதி. கடல் எப்படி என்று கேட்டார். பெரிது என்றேன். கால்வாயில் நிறுத்தவா என்றார். வேண்டாம் என்றேன். விமானத்தில் ஆரணி என் தோளில் நித்திரை கொண்டாள். கீழே கடல் முடிந்து தரை வந்த பிறகுதான் நான் சீட் பட்டியில் இருந்து கையை எடுத்தேன்.

அடுத்த சனி பிளேஸ்டோவில். இங்கே காகத்துக்குக் குறைவில்லை. பின் வேலியில் வரிசையாக வந்து இருக்கும். அன்று மழை. ஒரு காகமும் இல்லை. மனைவி வேலியில் சோறு வைத்துவிட்டுக் கதவடியில் நின்றாள். எனக்குக் காது மெல்ல இரைந்தது. ஐப்பசி முடிய இன்னும் நாள் கிடக்கிறது என்று மனைவி யாருக்கோ போனில் சொல்லிக்கொண்டிருந்தாள்.

ஆரணி குசினி வாசலில் வந்து நின்றாள்.

"அம்மா, சாத்திரியாருக்குச் சொல்லுங்கோ. கண்டம் பின் சீட்டில இருந்தது. நாங்கள் அதுக்கு எள்ளுப்பாகு குடுத்துச் சரிக்கட்டிப்போட்டம்."

மனைவி போனைக் கீழே வைத்தாள். "என்ன சொல்லுறாள் இவள்?"

மழை விடவில்லை. வேலிச் சோறு ஊறிக்கொண்டிருந்தது. நான் கதிரையை இழுத்து மேசையில் இருந்தேன்.

"ஒண்டுமில்லை" என்றேன். "எனக்குப் பசிக்குது. சோத்தைப் போடு."