உசி. என்று போட்ட ஊர்

போன வாரம் ஒரு கல்லூரிப் பையன் தன் ஆய்வுக் கட்டுரையைப் பிழை பார்க்கக் கொடுத்துவிட்டுப் போனான். மாடுகளைப் பற்றிய வட்டாரச் சொற்கள். ஒவ்வொரு சொல்லும் கிடைத்த ஊரைச் சுருக்கி அடைப்புக்குறிக்குள் போட்டிருந்தான். பேரை. என்றால் பேரையூர். உசி. என்றால் உசிலம்பட்டி. என் தோழி சாந்தாவின் புத்தகத்திலிருந்து எடுத்தவை. பாதிக்கு மேல் உசி.தான். அத்தனையும் பொய். அவை ஆவாரங்குளத்துச் சொற்கள். படிக்கப் படிக்க ஊறவைத்த புண்ணாக்கு வாசம் மூக்கில் ஏறியது.

நானும் சாந்தாவும் வில்லாபுரத்தில் ஒரே அறையில் இருந்தோம். அவள் முனைவர் பட்டத்துக்குப் படித்தாள். வேலை இல்லாத என்னை டேப் ரெக்கார்டர் தூக்கக் கூட்டிப் போவாள். உசிலம்பட்டியில் இறங்கி டவுன் பஸ் மாறினால் ஆவாரங்குளம். மாட்டைக் கண்டால் நான் சுவரோடு ஒட்டிக்கொள்வேன். "அது முட்டாது தாயி. நீங்கதேன் முட்டுற மாதிரி பாக்குறீக" என்பார் பெரியகருப்பன். தொழுவத்தில் புண்ணாக்கைக் கரைத்துக்கொண்டே சொல் சொல்லாகக் கொடுத்தவர் அவர்.

மாட்டின் மேல் மயிர் சுழித்திருக்குமே, அந்தச் சுழிகளின் பெயர்களே ஒரு டேப் நிறைய வந்தன. கிளம்பும்போது அவர் ஒன்றுதான் கேட்டார்.

"என் பேரு வேணாம். எங்க ஊரு பேரு புத்தகத்துல வருமா?"

"வரும்ணே" என்றாள் சாந்தா.

"அப்ப அடுத்த தடவ வாங்க. நோவு, நொடி, கன்னு போடுறதுன்னு இன்னும் அம்புட்டு கெடக்கு."

அவளுடைய நெறியாளர் ஒத்துக்கொள்ளவில்லை. சின்ன ஊருக்கெல்லாம் தனிச் சுருக்கம் கிடையாதாம், தாலுகாவைப் போட வேண்டுமாம்.

"சார், முதுகுல சுழி இருந்தா உசிலம்பட்டிச் சந்தையில வாங்க மாட்டாங்க. ஆவாரங்குளத்துல தேடி வாங்குவாங்க. ரெண்டும் எப்படி சார் ஒண்ணாகும்?"

"அப்ப சுழிகிட்டயே கையெழுத்து வாங்கிக்கம்மா."

நன்றியுரையில் சேர்த்த ஊர்ப் பெயரையும் இடமில்லை என்று அடித்துவிட்டார். அந்த ஆள் வீட்டு வாசல் பலகையில் பட்டங்கள் இரண்டு வரிக்கு நீண்டிருந்தன. அங்கே மட்டும் இடம் இருந்தது.

புத்தகம் அச்சானதும் முதல் பிரதியோடு போனோம். பெரியகருப்பனின் மகள் பக்கம் பக்கமாகப் புரட்டினாள்.

"நம்மூரு எங்கக்கா?"

சாந்தா உசி. மேல் விரலை வைத்தாள்.

"இது உசிலம்பட்டியில்ல?"

பெரியகருப்பன் மோர் கொடுத்து அனுப்பினார்.

அடுத்த முறை டேப்போடு போனபோதுதான் சொன்னார்: "உசிலம்பட்டின்னு போட்டுட்டீகல்ல, அங்கனயே போய்க் கேட்டுக்கங்க." கோபமாகச் சொல்லியிருந்தால்கூடப் பரவாயில்லை. மாட்டுக்கு வைக்கோலை உதறிப் போட்டுக்கொண்டே சொன்னார். ஊரில் வேறு யாரும் வாய் திறக்கவில்லை. சாந்தா அதற்குப் பிறகும் தனியாகப் போய்ப் பார்த்தாள். வெறும் டேப்போடு திரும்பி வந்து, சுவரைப் பார்த்துப் படுத்துக்கொள்வாள்.

பெரியகருப்பன் இன்று இல்லை. சாந்தாவும் இல்லை. பையனின் கட்டுரையைப் படித்த மறுநாள் மனசு கேட்காமல் ஆவாரங்குளம் போனேன். தொழுவம் இருந்த இடத்தில் இரண்டு பைக் நின்றன. கடையில் பாக்கெட் பால் தொங்கியது. அவர் மகளுக்கு என்னை அடையாளம் தெரிந்தது, உட்காரச் சொன்னாள். மாட்டுக்கு வயிறு ஊதினால் உங்கள் அப்பா அதற்கு என்ன பேர் சொல்வார் என்று கேட்டேன்.

"சொல்லுவாருக்கா. தொண்டைக்குழியில நிக்குது. இருங்க, வந்துரும்."

கடைசி பஸ் வரும்வரை இருந்தேன். அந்தப் பேர் வரவில்லை.