முறைத்ததற்கு ஜாமீன் ரத்தா?

சாயக்கழிவின் நெடி மூக்கில் ஏறினால் இன்றும் அந்த நீதிமன்றம்தான் நினைவுக்கு வருகிறது. அன்னூர்ப் பக்கம் எங்கள் ஓடையில் கழிவு கொட்ட வந்த சாயப்பட்டறை லாரியை மறித்துக் கைதானேன். மாஜிஸ்திரேட் ஜாமீன் கொடுத்தார். மறுநாளே ஓடைக்கரையில் போய் நின்றேன். ஜாமீனை ரத்து செய்யக் கேட்டு அரசுத் தரப்பு கோவை செஷன்ஸ் கோர்ட்டுக்குப் போனது. மறுபடி ஜெயில்தான் என்று மாற்றுத்துணிப் பையோடு போயிருந்தேன்.

"ஜாமீன்ல வந்த பொறகு மறுபடி லாரியை மறிச்சாங்களா? சாட்சியை மிரட்டினாங்களா?" என்று நீதிபதி கேட்டார்.

"இல்லீங்கய்யா. நின்னு முறைச்சாங்க," என்றார் அரசு வக்கீல்.

"முறைச்சதுக்கெல்லாம் கீழ்கோர்ட்டு குடுத்த ஜாமீன்ல நான் கை வைக்க முடியாதுங்க."

பிடிக்கவில்லை என்பதற்காக மட்டும் யாரும் பறிக்க முடியாத ஒன்று என்னிடம் இருப்பதை அன்றுதான் உணர்ந்தேன்.

வாசலில் பட்டறை மேனேஜர் நின்றிருந்தார். "ஏனுங்க அம்மணி, இனியாச்சும் ஊட்டோட இருப்பீங்களா?"

"நாளைக்கும் வாரேனுங்க. இன்னும் முறைச்சு முடியலீங்க."