போகி மேளம்

காலை ஐந்தே முக்கால். ஜன்னலைத் திறந்ததும் புகைதான் தெரிந்தது, எதிர்வீடு தெரியவில்லை. தெருவில் போகி மேளம் கேட்டது. அந்தச் சத்தத்தில் நான் ஐம்பதுகளின் கத்திவாக்கத்தில், ஏழு வயதில் நின்றேன்.

அன்றும் போகி. கடல்மேல் மூடுபனி. மீன்பிடிக்கப் போன நைனா திரும்பவில்லை. பனி நாட்களில் பெண்கள் கரையில் நின்று மண்ணெண்ணெய் டின்னைத் தட்டுவார்கள். சத்தம் வரும் திசை பார்த்துக் கட்டுமரங்கள் கரை சேரும். அம்மா தட்டிக்கொண்டிருந்தாள். ஆனால் ஆற்று முகத்துவாரத்தை ஒட்டிய தெருவில் பிள்ளைகள் அடித்த மேளம் அதைவிடப் பலமாகக் கேட்டது. அந்தப் பக்கம் அலையும் சுழலும் பொல்லாதவை.

அம்மா அங்கே ஓடினாள். “மோளத்த நிறுத்துங்கடா! எங்க வூட்டுக்காரு கடல்ல கீறாரு. இத்த நம்பி இங்க வந்துடப் போறாரு!”

“இன்னாமே, வருசத்துல ஒரு நாளு பசங்க அடிக்குது, அதுக்குப் போயி கூவிக்கினு கீற?” என்று சிரித்தாள் அந்தத் தெரு அஞ்சலை. “உன் ஆளுக்கு டின்னு சத்தம் தெரியாதா?”

அம்மா ஒரு மேளத்தைப் பிடுங்கித் தோலைக் கிழித்தாள். மற்றவை தாமாகவே நின்றன.

வெயில் ஏறிப் பனி விலகியது. முகத்துவாரத்து மணலில் நைனாவின் கட்டுமரம் கிடந்தது. அதில் யாரும் இல்லை.