சித்தப்பா தண்ணீரைத் துப்பிய காலை

என் சித்தப்பா ஊரின் தண்ணீர்த் தொட்டியைப் பார்த்துக்கொள்பவர். தெருத்தெருவாகத் தண்ணீர் திறந்துவிடுவதும் அவர்தான். கல்யாணத்துக்கு முன்பே சேர்ந்த வேலை. தெருக்குழாயைத் திறந்ததும் முதல் வாய் அவர் குடிப்பார். பூமிக்குள் எங்காவது குழாய் உடைந்திருந்தால் ருசியிலேயே தெரிந்துவிடும் என்பார். அவர் விழுங்கிய பிறகுதான் பெண்கள் குடத்தை வைப்பார்கள்.

நான் ஊருக்குத் திரும்பிய வாரம், ஒரு காலை, வாயில் ஊற்றியவர் அப்படியே துப்பினார். முகம் கோணியது. கன்னத்தைப் பிடித்துக்கொண்டு, ஒரு வார்த்தை பேசாமல் சைக்கிளில் ஏறிப் போய்விட்டார்.

அவ்வளவுதான். "தண்ணியில என்னமோ கலந்துட்டாங்க!" என்று குழாயடியில் ஒருத்தி கத்தினாள். டீக்கடைக்காரர் கொதித்துக்கொண்டிருந்த டீயைச் சாக்கடையில் கொட்டினார். தையல்காரருக்குத் தலை சுற்றியது. காலையிலிருந்து ஒரு வாய் தண்ணீர்கூடக் குடிக்காதவர் அவர்.

பஞ்சாயத்து மேற்பார்வையாளர் மோட்டார் சைக்கிளில் வந்து, தொட்டியைக் காலி செய்துவிடலாம் என்றார். கிணற்றில் ஊற்று குறைந்திருந்த கோடை. தொட்டி மறுபடி நிரம்ப ஒரு வாரமாகும். அதுவரை ஊர் நாக்கு வறண்டு கிடக்க வேண்டியதுதான்.

தொட்டியடியில் இருந்த வால்வில் அவர் கை வைக்கப்போன நேரம் சித்தப்பா வந்து சேர்ந்தார். பல் பிடுங்கிய வாயில் பஞ்சு. பாதி முகம் மரத்திருந்தது. "ம்ம்! ம்ம்ம்!" என்று கையை ஆட்டியவர், வால்வுச் சக்கரத்தின் மேலேயே உட்கார்ந்துவிட்டார்.

"போச்சு, பேச்சு நின்னுபோச்சு!" என்றார் டீக்கடைக்காரர்.

சித்தப்பா பொறுக்கமாட்டாமல் பஞ்சைத் துப்பினார். சிவப்பாக விழுந்தது.

"ஐயோ, ரத்தம் கக்குறாரு!" கூட்டம் பின்வாங்கியது.

"பல்லுய்யா! கடவாப்பல்லு!" என்று குழறினார். "தண்ணி பட்டதும் உயிர் போச்சு. தண்ணி நல்லாத்தான் இருக்கு."

"அப்ப குடிச்சுக் காட்டுங்க," என்றார் மேற்பார்வையாளர்.

யாரோ ஒரு சொம்பு பிடித்துக் கொடுத்தார்கள். மரத்த உதட்டில் நிற்காமல் தண்ணீர் சட்டையில் வழிந்தது.

"பாத்தீங்களா, உள்ளயே இறங்கல," என்றார் தையல்காரர்.

அதற்குள் சித்தி கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். "நாலு நாளா பல்லைப் புடுங்குங்கன்னு கத்துறேன். ஊரைக் கூட்டித்தான் புடுங்கணுமா?" சொம்பைப் பிடுங்கி, மிச்சத் தண்ணீரை மடமடவென்று குடித்து, வாயைத் துடைத்துக்கொண்டாள். "செத்தேனா? சொல்லுங்க, செத்தேனா?"

ஒருத்தி மெதுவாகக் குடத்தைக் குழாயடியில் வைத்தாள். பின்னாலேயே இன்னொருத்தி.

மேற்பார்வையாளர் வண்டியை எடுக்கப் போனார். சித்தப்பா சக்கரத்திலிருந்து இறங்கி, அவர் பின்னால் ஏறி உட்கார்ந்தார்.

"பல் டாக்டர்கிட்ட விட்டுடுங்க சார். ரத்தம் நிக்கல."